குருவம்மாவும் திருட்டுப் பாட்டியும் நம்ம ஜில்லாக்காரங்க

'16 வயதினிலே' பார்த்தவர்களிடம் மயில், சப்பாணி, பரட்டை என்று மூன்று பேரைச் சொன்னால் போதும், முழுக் கதையையும் ஒப்பித்துவிடுவார்கள். நாலாவதாக ஒரு பேர் உண்டு. குருவம்மா, மயிலோட ஆத்தா. அந்த வேஷத்தைக் கட்டிய காந்திமதி மானாமதுரைக்காரர். 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் கைக்குக் கிடைத்ததையெல்லாம் சுருட்டிக்கொண்டு ஒன்றுமே தெரியாத முகத்தோடு நிற்கும் திருட்டுப் பாட்டி எஸ்.என்.லட்சுமி. விருதுநகர் பக்கம் சென்னல்குடி. 'தில்லானா மோகனாம்பாள்' ஜில் ஜில் ரமாமணியைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. மனோரமா பிறந்தது மன்னார்குடி என்றாலும் வளர்ந்தது காரைக்குடிக்குப் பக்கத்தில் இருக்கும் பள்ளத்தூரில்.

இன்றைக்கு மேப்பை விரித்தால் மானாமதுரையும் பள்ளத்தூரும் சிவகங்கை மாவட்டம், சென்னல்குடி விருதுநகர் மாவட்டம். 1985-ல் மூன்றாகப் பிரிப்பதற்கு முன்னால் எல்லாமே ஒரே ராமநாதபுரம் ஜில்லாதான். தமிழ் சினிமாவின் ஆத்தாக்களிலும் அப்பத்தாக்களிலும் மூன்று பெரிய பேர் எங்கள் வறண்ட ஜில்லாவிலிருந்து போனவர்கள். 'ஆண்பாவம்' படத்தில் பாண்டியராஜனுக்குப் பாட்டியாக வந்த கொல்லங்குடி கருப்பாயியையும் சேர்த்தால் நாலு.

நமக்குத் தேவிபட்டினம். ராமநாதபுரத்திலிருந்து 15 கிலோமீட்டர். கடலுக்குள் நவபாஷாணக் கல் இருக்கிற ஊர் என்றால் ஆடி அமாவாசைக்கு வந்து போனவர்களுக்குச் சட்டென்று தெரியும். இந்தப் பக்கத்துக் கிழவிகளோடேயே வளர்ந்தவர்கள் நாங்கள். அதனால் காந்திமதியைத் திரையில் பார்த்தால் எங்கள் ஊரில் எல்லாரும் ஒரே மாதிரிதான் சொல்வார்கள். "நடிச்ச மாதிரியே தெரியலப்பா, அச்சு அசலா எங்க அப்பத்தாதான்." பாராட்டிச் சொல்வதுதான். ஆனால் எனக்கு இந்தப் பாராட்டு மேல் ரொம்ப நாளாக ஒரு வருத்தம் உண்டு. அப்பத்தா மாதிரி இருப்பது அவ்வளவு லேசு என்றால், எங்கள் தெருவில் இருந்த அத்தனை அப்பத்தாக்களும் காமிரா முன்னால் நின்று ஜெயித்திருக்க வேண்டுமே. அந்த "மாதிரியே தெரியல"க்குப் பின்னால் இருபது, முப்பது வருஷ உழைப்பு இருக்கிறது. அந்த உழைப்பைப் பற்றித்தான் இந்தப் பதிவு.

முதலில் குரல்.

எங்கள் வீட்டில் டிவி வருவதற்கு முன்னால் ரேடியோதான். இந்தக் கடற்கரையில் இலங்கை வானொலி உள்ளூர் ஸ்டேஷன் மாதிரிக் கணீரென்று கேட்கும். 1982-ல் ரூபவாஹினி வந்த பிறகு வசதியுள்ளவர்கள் ஆன்டெனாவைக் கடல் பக்கமாகத் திருப்பி வைத்து இலங்கை டிவி பார்த்தார்கள். மற்ற வீடுகளில் ஞாயிற்றுக்கிழமை ரேடியோவில் ஒலிச்சித்திரம். முழுப் படத்தையும் ஒரு மணி நேரத்துக்குச் சுருக்கி, வசனத்தையும் பாட்டையும் மட்டும் போடுவார்கள். முகம் தெரியாது, சேலை நிறம் தெரியாது, யார் எங்கே நிற்கிறார்கள் என்பதும் தெரியாது. குரலை வைத்தே ஆளைப் பிடிக்க வேண்டும். கதாநாயகிகளின் குரல் பல நேரம் ஒன்றோடொன்று கலந்துவிடும். காந்திமதி வாயைத் திறந்தால் மட்டும் வீட்டில் கடைக்குட்டி வரைக்கும் தெரிந்துவிடும்.

கொஞ்சம் உற்றுக் கேளுங்கள். அவர் வாக்கியத்தை ஒரே மட்டத்தில் சொல்லவே மாட்டார். ஓங்கித் தொடங்கி, நடுவில் ஒரு வார்த்தையை இழுத்து, கடைசி வார்த்தையைத் தூக்கி எறிந்துவிட்டுப் போவார். மகளை வைகிற வசவிலேயே அவள் மேல் இருக்கிற உயிரும் சேர்ந்து வரும். குருவம்மா சாப்பாட்டுக்கடை வைத்து மகளை ஒற்றையாக வளர்த்தவள். அனாதைச் சப்பாணிக்கு வேலையும் சோறும் கொடுத்து வைத்திருப்பவள். வாய் முழுக்கத் தேள். அந்த வாயை வைத்துக்கொண்டுதான் ஆம்பளைத் துணை இல்லாத வீட்டுக்கு வேலி போட்டிருக்கிறாள் என்பதை எந்த வசனமும் சொல்வதில்லை. காந்திமதியின் குரல் சொல்லிவிடுகிறது. ஊருக்கு வந்த டாக்டரோடு மயிலுக்கு இருந்த பழக்கம் வெளியே வந்து ஊர் அவளைப் பற்றிப் பேசத் தொடங்கும்போது அதே குரல் உள்ளுக்குள் உடைகிறது. ஊரையே ஏசி அடக்கியவள் ஊர்ப்பேச்சு தாங்காமல் செத்துப்போகிறாள். பாரதிராஜாவின் முதல் படத்தில் மயிலின் விதி திரும்புகிற இடமே அந்தச் சாவுதான்.

இந்தக் குரல் எங்கே தயாரானது? மேடையில்.

எங்கள் பக்கம் திருவிழா என்றால் 'வள்ளி திருமணம்' இல்லாமல் முடியாது. சங்கரதாஸ் சுவாமிகள் எழுதி வைத்துவிட்டுப் போனது. அவர் காலமாகி நூறு வருஷம் தாண்டிய பிறகும் ராமநாதபுரம், சிவகங்கை, புதுக்கோட்டைப் பக்கத்துக் கிராமங்களில் ராத்திரி பத்து மணிக்கு ஆர்மோனியம் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறது. ஸ்பெஷல் நாடகம் என்பார்கள். இதில் வெளியூர்க்காரர்கள் கேட்டால் நம்ப மாட்டார்கள் என்கிற சங்கதி ஒன்று உண்டு. ஒத்திகையே கிடையாது. ராஜபார்ட் ஒரு ஊர், ஸ்திரீபார்ட் ஒரு ஊர், பபூன் வேறு ஊர், ஆர்மோனியக்காரர் இன்னொரு ஊர். ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பேசி, அட்வான்ஸ் கொடுத்து, நோட்டீஸில் போட்டோவோடு பேர் போடுவார்கள். எல்லாரும் அன்றைக்கு ராத்திரி மேடைக்குப் பின்னால்தான் சந்திக்கிறார்கள். பவுடர் பூசிக்கொண்டே நலம் விசாரித்துவிட்டு, விடிய விடிய ஆடி முடித்துவிட்டு, காலையில் அவரவர் பஸ்ஸைப் பிடிக்கிறார்கள்.

நாரதருக்கும் வள்ளிக்கும் தர்க்கம் நடக்கிற கட்டத்தில் எதிராளி எந்தப் பாட்டை எடுப்பார், எந்தக் கேள்வியைப் போடுவார் என்பது தெரியாது. நின்ற இடத்தில் பதில் சொல்லியாக வேண்டும். பதில் பிசகினால் ஊரே கை கொட்டும். ஒரு தரம் மேடைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த வயதான ஸ்திரீபார்ட் அம்மா ஒருவரிடம், இந்த வயசிலும் குரல் எப்படிம்மா நிற்கிறது என்று கேட்டேன். "முன்னாடி உக்காந்திருக்கிறவுகளுக்குப் பேசக்கூடாது தம்பி. கடைசியில துண்ட விரிச்சுப் படுத்துக்கிடக்கான் பாரு, அவன் எந்திரிச்சு உக்காரணும். அவனுக்குப் பேசணும்" என்றார். காந்திமதி, லட்சுமி, மனோரமா மூன்று பேருமே சின்ன வயதில் நாடகத்துக்குப் போனவர்கள். மேடையில் அந்தக் கடைசி ஆளுக்குப் பேசிப் பழகிய குரல்தான் பிற்பாடு மைக்கில் கிசுகிசுத்தாலும் நம் காதுக்கு வந்து சேர்ந்தது.

கோபிசாந்தா என்ற பெண் மனோரமா ஆனதும் நாடகத்தில்தான். இயக்குநர் திருவேங்கடமும் ஆர்மோனியக்காரர் தியாகராஜனும் வைத்த பேர் அது. அப்புறம் எஸ்.எஸ்.ராஜேந்திரனின் நாடக மன்றம். 1958-ல் கண்ணதாசன் தயாரித்த 'மாலையிட்ட மங்கை' அவருக்கு முதல் படம், அதில் நகைச்சுவை வேஷம். நாடகத்தில் கதாநாயகியாக நடித்த பெண்ணுக்கு அது மனசுக்கு ஒப்பவில்லை. கதாநாயகியாக நடித்தால் நாலைந்து வருஷத்தில் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள், இதில் நிலைத்தால் காலம் பூராவும் நிற்கலாம் என்று கவிஞர் எடுத்துச் சொன்னதை மனோரமாவே பேட்டிகளில் நன்றியோடு சொல்லியிருக்கிறார். சிறுகூடல்பட்டிக்காரரான கண்ணதாசன் பள்ளத்தூர்ப் பெண்ணுக்குச் சொன்ன வாக்கு பலித்தது. ஆயிரம் படத்தைத் தாண்டி கின்னஸ் புத்தகத்தில் பேர் வந்தது. 1989-ல் வெளியான 'புதிய பாதை'க்குத் தேசிய விருது. 2002-ல் பத்மஸ்ரீ.

ஆனால் மனோரமாவை வைத்து இந்தத் தொழிலை அளந்துவிடக்கூடாது. அவருக்குக் கிடைத்ததில் கால்வாசி கூட மற்றவர்களுக்குக் கிடைக்கவில்லை. ஒரு கணக்கைப் பாருங்கள். துணை நடிகைக்கான தேசிய விருதே 1984-ஆம் வருஷத்துப் படங்களிலிருந்துதான் கொடுக்கத் தொடங்கினார்கள். '16 வயதினிலே' வந்தது 1977. அந்தப் படத்துக்காக எஸ்.ஜானகிக்குச் சிறந்த பாடகி விருது கிடைத்தது, சந்தோஷம். குருவம்மாவை எடுத்து வைத்துப் பார்க்க அன்றைக்கு ஒரு பிரிவே இல்லை.

அடுத்தது வயசு. இதுதான் என்னை ரொம்ப யோசிக்க வைக்கிற விஷயம்.

காந்திமதி 1945-ல் பிறந்தவர். குருவம்மாவாக நடித்தபோது 32 வயது. 'மண்வாசனை'யில் சொலவடையாகக் கொட்டித் தீர்க்கிற கிழவியாக வந்தபோது 38. இன்றைக்கு 38 வயதில் கதாநாயகிகள் காதல் காட்சியில் நடிக்கிறார்கள், நன்றாக நடிக்கட்டும். அன்றைக்கு அவர் தலையில் வெள்ளையைப் பூசி, குரலைக் கரகரப்பாக்கி, முதுகைக் கூனிக்கொண்டு எண்பது வயசுக் கிழவியாக உட்கார்ந்தார். எஸ்.என்.லட்சுமி விஷயம் இன்னும் விசேஷம். 1964-ல் 'சர்வர் சுந்தரம்'. நாகேஷுக்கு அம்மா. நாகேஷுக்கும் அவருக்கும் ஆறேழு வயதுக்கு மேல் வித்தியாசம் இருக்காது. சர்வராக இருந்த பிள்ளை பெரிய நடிகனாகிவிட, தாயின் கடைசி நேரத்தில் பக்கத்தில் இல்லாமல் ஷூட்டிங்கில் மாட்டிக்கொள்கிற கதை அது. அந்தச் சாவு நம் நெஞ்சை அடைக்கிறது என்றால், அக்கா வயதில் இருந்தவர் அம்மாவாகவே நம் மனசில் உட்கார்ந்துவிட்டார் என்றுதானே அர்த்தம்?

ஒரு பெண் முப்பத்தைந்து வயதிலேயே, தான் இன்னும் வாழ்ந்து பார்க்காத எழுபது வயசை உடம்பில் ஏற்றிக்கொள்ள வேண்டும். எப்படி உட்கார்ந்து எழுந்திருப்பது, எழும்போது எந்தக் கையை ஊன்றுவது, பேசும்போது எங்கே மூச்சு வாங்குவது என்று ஒவ்வொன்றையும் பார்த்துப் பார்த்துச் சேர்க்க வேண்டும். அதுவும் ஒரு தரம் கிழவியாக நடித்துவிட்டால் திரும்பி வர வழி கிடையாது. அடுத்த படத்திலும் கிழவி, அதற்கடுத்த படத்திலும் கிழவி. இளமையை அடகு வைத்துத்தான் இந்த வேலையைச் செய்தார்கள். அதை நாம் கவனிக்கக்கூட இல்லை என்பதுதான் என் ஆதங்கம்.

எஸ்.என்.லட்சுமியை இன்னும் கொஞ்சம் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். சென்னல்குடி நாராயண லட்சுமி. கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் காலத்திலிருந்து நாடகம், 'நல்லதம்பி' காலத்திலிருந்து சினிமா. கே.பாலசந்தர் நாடகங்களிலும் நடித்தார். கமல்ஹாசன் அவரை விடவே இல்லை. 1990-ல் திருட்டுப் பாட்டி. 1994-ல் 'மகாநதி'யில் கமல் நடித்த கிருஷ்ணசாமியின் மாமியார். 2004-ல் 'விருமாண்டி'யின் அப்பத்தா.

முடிந்தால் முதல் இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். திருட்டுப் பாட்டிக்குக் கண்ணும் கையும் தனித்தனி ஆள். கை ஒரு பாத்திரத்தை நோக்கிப் போகும்போது கண் சாமியைப் பார்த்துக்கொண்டிருக்கும். பிடிபட்டால் கோபப்படுவதா அழுவதா என்று ஒரு கணம் யோசித்து, இரண்டும் இல்லாமல் பச்சைக் குழந்தையாக விழிப்பார். அவர் ஒரு தரம் கூட நம்மைச் சிரிக்க வைக்க முயற்சி பண்ணுவதில்லை. அந்தப் பாட்டிக்கு அது பிழைப்பு, அவ்வளவு தீவிரமாகத்தான் செய்கிறார். நமக்குத்தான் வயிறு வலிக்கிறது. நாலு வருஷம் கழித்து 'மகாநதி'யில் அதே முகம், அதே மெலிந்த உடம்பு. மருமகன் சீட்டுக் கம்பெனிக்காரனிடம் ஏமாந்து ஜெயிலுக்குப் போய்விட, தாயில்லாத இரண்டு பேரப்பிள்ளைகளை வைத்துக்கொண்டு பட்டணத்தில் தனியாக நிற்கிற கிழவி. மருமகனைத் தைரியப்படுத்துவதற்காகக் குரலில் மட்டும் தெம்பை வரவழைத்துக்கொள்வார். கண்ணில் அது இருக்காது. அந்தக் கிழவி போன பிறகு அந்தப் பிள்ளைகளுக்கு ஆவதெல்லாம் தமிழ் சினிமா காட்டிய கொடுமைகளில் ஒன்று. படத்தில் அவர் வருகிற நேரம் கொஞ்சம்தான். ஆனால் அந்தக் குடும்பத்தைத் தாங்கி நின்ற கடைசிக் கால் அவர்தான் என்று நாம் நம்பாவிட்டால் மிச்சக் கதையே நிற்காது.

இங்கே ஒரு வெளிநாட்டு நடிகையைப் பற்றிச் சொல்ல வேண்டும். தோரா ஹர்ட். 1911-ல் இங்கிலாந்தில் மோர்காம் என்கிற கடற்கரை ஊரில் பிறந்தவர். அவரும் நாடகக் குடும்பம். அம்மா, மாமியார், வேலைக்காரி, பக்கத்து வீட்டுக் கிழவி என்று சினிமாவில் பெரும்பாலும் துணை வேஷம். வட இங்கிலாந்துப் பேச்சை மாற்றிக்கொள்ளாமலேயே நடித்தவர். நம்ம காந்திமதி கதை அப்படியே இருக்கிறதா? ஆனால் ஒரு இடத்தில் அவர் கதை வேறு பாதையில் போகிறது. 1988-ல் ஆலன் பென்னெட் என்கிற எழுத்தாளர் பிபிசிக்காக 'டாக்கிங் ஹெட்ஸ்' என்று ஒரு தொடர் எழுதினார். ஒரு பகுதிக்கு ஒரே ஆள், காமிராவைப் பார்த்துப் பேசிக்கொண்டே இருக்க வேண்டும். அதில் ஒரு பகுதி தோரா ஹர்ட்டுக்கு. தனியாக வசிக்கிற 75 வயசுக் கிழவி வீட்டுக்குள் விழுந்துவிடுகிறாள். எழுந்திருக்க முடியாமல் தரையில் கிடந்தபடியே செத்துப்போன புருஷனைப் பற்றியும், பிழைக்காமல் போன குழந்தையைப் பற்றியும் பேசுகிறாள். முதியோர் இல்லத்தில் கொண்டுபோய்ச் சேர்த்துவிடுவார்களே என்று பயம். கதவைத் தட்டிய போலீஸ்காரரைக் கூட, ஒன்றும் இல்லை என்று திருப்பி அனுப்பிவிடுகிறாள். அரை மணி நேரத்துக்கு மேல் ஒரே ஒரு கிழவியின் முகம். அதற்கு அந்த நாட்டின் பெரிய விருதான பாஃப்டா கிடைத்தது. 1993-ல் 'டேம்' பட்டமும் கொடுத்தார்கள்.

நம் பாட்டிமார்களுக்குத் திறமையில் குறைச்சல் இருந்ததா? இல்லவே இல்லை. விடிய விடிய மேடையில் நின்றவர்களுக்கு அரை மணி நேரம் என்ன பெரிய காரியம்? எஸ்.என்.லட்சுமிக்காக ஒரு எழுத்தாளர் உட்கார்ந்து அரை மணி நேரத்துக்கு எழுதவில்லை. காந்திமதியை நடுவில் வைத்து ஒரு முழுப்படம் எடுக்கிற யோசனையோடு யாரும் வரவில்லை. அவர்கள் கையில் இருந்த வித்தைக்கு ஏற்ற அளவில் கேட்க நமக்குத் தெரியவில்லை.

டிவி வந்தபோது இது மாறியிருக்கலாம். ஓரளவுக்கு மாறவும் செய்தது. சினிமாவில் நாலு காட்சிக்கு வருகிற பாட்டி, சீரியலில் தினமும் வீட்டுக்கு வந்தார். மனோரமா வந்தார், காந்திமதி வந்தார். எஸ்.என்.லட்சுமி எண்பதைத் தாண்டிய வயதில் விஜய் டிவியின் 'சரவணன் மீனாட்சி'யில் பாட்டியாக நடித்தார். அதற்குள் நிஜமாகவே அந்த வயசு அவருக்கு வந்துவிட்டது. வெள்ளை பூச வேண்டிய அவசியம் இல்லை. ராத்திரிச் சாப்பாட்டு நேரத்தில் எங்கள் பக்கத்து வீடுகளில் அந்தப் பாட்டி வந்தால் கையில் சோற்றோடு அப்படியே உட்கார்ந்து பார்ப்பார்கள். அவர் யார், எந்த ஊர், எத்தனை வருஷமாக நடிக்கிறார் என்று கேட்டால் பாதிப் பேருக்குத் தெரியாது. 'சர்வர் சுந்தரம்' அம்மாவும் இவரும் ஒரே ஆள் என்று சொன்னபோது எங்கள் சித்தியே நம்பவில்லை. 2012 பிப்ரவரியில் சென்னையில் காலமானார், 85 வயது. காந்திமதி அதற்கு முந்தைய வருஷம் செப்டம்பரில் போய்விட்டார். மனோரமா 2015 அக்டோபரில். நாலு வருஷ இடைவெளியில் மூன்று பேரும் போய்விட்டார்கள்.

போனவர்களைப் பற்றிப் பெருமூச்சு விடுவதற்காக இதை எழுதவில்லை. செய்ய வேண்டிய காரியங்கள் இருக்கின்றன.

முதல் காரியம், எழுதுகிறவர்களுக்கும் இயக்குகிறவர்களுக்கும். வயதான பெண்ணை நடுவில் வைத்து எழுதுங்கள். பெருமாள் முருகனின் 'கோடித்துணி' சிறுகதையிலிருந்து 'அங்கம்மாள்' படம் எடுத்து, கீதா கைலாசத்தை முதன்மைப் பாத்திரமாக்கினார்கள். முடியும் என்பதற்கு இதுவே சாட்சி. ஒற்றைக் கிழவி அரை மணி நேரம் பேசுகிற மாதிரி ஒரு வெப் தொடர் எடுக்கப் பெரிய பட்ஜெட் வேண்டாம். ஒரு திண்ணை, ஒரு காமிரா, நல்ல எழுத்து போதும்.

இரண்டாவது, எங்கள் பக்கத்து இளைஞர்களுக்கு. மாசி, பங்குனி பிறந்தால் நம் கிராமங்களில் நாடகம் நடக்கிறது. எல்லாரிடமும் போன் இருக்கிறது, பபூன் காமெடியை எடுத்துப் போடுகிறோம், டான்ஸை எடுத்துப் போடுகிறோம். ஸ்திரீபார்ட் அம்மாவின் தர்க்கத்தை முழுசாக எடுத்து வையுங்கள். அவர்கள் சம்மதத்தோடு, மரியாதையாகப் பேட்டி எடுங்கள். யாரிடம் படித்தார்கள், எந்த வயதில் மேடை ஏறினார்கள், வாத்தியார் என்ன சொல்லிக்கொடுத்தார் என்று கேளுங்கள். பேரையும் ஊரையும் சரியாக எழுதிப் போடுங்கள். மதுரையிலும் புதுக்கோட்டையிலும் காரைக்குடியிலும் நாடக நடிகர்கள் இன்றைக்கும் சங்கமாக இருந்து தொழில் செய்கிறார்கள். இந்த வித்தை இன்னும் உயிரோடு இருக்கிறது, அதைக் கற்றுக்கொடுக்கக் கூடியவர்கள் நம் பஸ்ஸிலேயே போய் வருகிறார்கள்.

மூன்றாவது, படம் பார்க்கிற நம் எல்லாருக்கும். அடுத்த தரம் காந்திமதியோ லட்சுமியோ திரையில் வந்தால், பக்கத்தில் இருக்கிற பிள்ளைகளுக்கு அவர்கள் பேரைச் சொல்லுங்கள். "எங்க அப்பத்தா மாதிரியே" என்று தாராளமாகச் சொல்லலாம். கூடவே இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லுங்கள்: "முப்பத்தெட்டு வயசுல இத நடிச்சிருக்காக, நம்ம ஜில்லாக்காரக, பெரிய நடிகை." அந்தக் கடைசி இரண்டு வார்த்தையை அவர்கள் உயிரோடு இருக்கும்போது நாம் போதுமான அளவு சொல்லவில்லை. இப்போது மேடையில் இருப்பவர்களுக்காவது, அவர்கள் காதில் விழுகிற மாதிரி, சத்தமாகச் சொல்லிவிடுவோம்.